இருபத்து நான்கு வில்லைகள்

கத்தோவிட்சே பேருந்து
பத்து இருபதுக்கு வாசலில் வந்து நிற்கும்.
நான் முதலில் பார்ப்பது காலணிகளை.
குதிகால் உயர்ந்த ஒருத்தியாவது இறங்குவாள்.
நிலவறைத் தரை ஈரம் என்பேன்.
தெரியும் என்பாள்.
எப்படித் தெரியும்?

இன்று இருபத்து நான்கு பேர்.
ஆளுக்கொரு பித்தளை வில்லை,
வில்லைக்கு ஒரு கோப்பை பீர்,
கடைசியில், கடைசியில் மட்டும், என்று
மூன்று முறை சொல்கிறேன்.
மூன்றாவது முறை முடிவதற்குள் ஒருவர் கேட்கிறார்
இப்போதே கிடைக்குமா.

செம்பு அண்டா முன்னால் என் முதல் நகைச்சுவை:
இதில் விழுந்த எலி
கரையேற மனமில்லாமல் மூன்று சுற்று நீந்தியது.
செவ்வாய்க்கிழமைகளில் யாரும் சிரிப்பதில்லை.
இன்று செவ்வாய்.

அடுத்து, தாளில் உள்ளபடி,
வெள்ளம் வந்த ஆண்டு, தீப்பிடித்த ஆண்டு,
போர் இந்த அண்டாவின் மூடியைக்
கழற்றிக்கொண்டு போன ஆண்டு.
இப்போதுள்ள மூடி வேறு நிறம், பாருங்கள்.
எல்லோரும் பார்க்கிறார்கள்.
ஒரு பையன் மட்டும்
அதில் வளைந்து தெரியும் தன் மூக்கைப் பார்க்கிறான்.

அறுபத்தொரு படி இறங்கினால் ஆறு டிகிரி.
ஈஸ்ட் பற்றிய வரி மட்டும் தாளில் இல்லை, நானே சேர்த்தது:
தின்கிறது, பெருகுகிறது, பெருமூச்சு விடுகிறது;
அந்தப் பெருமூச்சுதான் உங்கள் நுரை.
யாரோ ஏப்பம் விட்டார்கள்.
அதற்குத்தான் சிரிப்பு வந்தது.

மேலே ஏறும்போது தலைகளை எண்ணுவேன்.
இருபத்து மூன்று.
இன்னொரு முறையும் இருபத்து மூன்று.
படியோரம் ஓர் அம்மா,
தன்னுடையதல்லாத கோட்டைக் கையில் மடித்துப் பிடித்தபடி
ஒன்றும் சொல்லாமல் நின்றாள்.

திரும்பி ஓடினேன்.
மூன்றாம் தொட்டியருகே அவர்.
கண் மூடியிருந்தது.
கைகள் முதுகுக்குப் பின்னால்
ஒன்றையொன்று இறுக்கிப் பிடித்திருந்தன,
சண்டையை விலக்கிவிடுபவன் பிடிப்பதைப் போல.
குனியாதீர்கள், அந்தக் காற்று மூச்சை அடைக்கும் என்றேன்.
தெரியும் என்றார்.

இவருக்குத் தெரிந்திருந்தது.

ஒன்பது வருடம் நான்கு மாதம், என்றார்.
தேவாலயக் குலுக்கலில் விழுந்த பயணம்,
லுட்விகா வேண்டாம் என்றுதான் சொன்னாள்.
முகர்வதற்கு வில்லை கேட்பீர்களா?
இல்லை என்றேன்.
விதிப்புத்தகத்தில் அப்படி ஒரு விதி இல்லை,
நானாகத் தேடிப் பார்த்ததும் இல்லை.
இன்னும் ஒரு நிமிடம் நின்றோம்.
தொட்டி சின்னச் சின்னதாக வெடித்துக்கொண்டிருந்தது.

பிறகு கூடம், இரைச்சல், உப்பு தூவிய பிஸ்கட்.
குதிகால்காரி என்னிடம் வந்து
தரை ஈரமாகத்தான் இருக்கிறது என்றாள்.
ஜன்னலுக்கு வெளியே
ஓட்டுநர் ஸெனோனின் ஃபிளாஸ்க் மூடியில் தேநீர்;
பக்கத்துப் படிக்கட்டில் செவெரின்,
கோட்டு இல்லாமல், ஊறுகாய் வெள்ளரியைக் கடித்தபடி.
கியர் பெட்டியைப் பற்றிப் பேசியிருக்க வேண்டும்.
கையை ஆட்டி ஆட்டி இழுத்துக்காட்டினார் ஒருவர்.

மாலையில் வில்லைகளைக் கொட்டி எண்ணினேன்.
இருபத்து மூன்று இருக்கும் என்ற நினைப்பு.
தொலைந்தது ஒன்று என்று
பேனாவைத் திறந்தும் வைத்துவிட்டேன்.

இருபத்து நான்கு.

மூன்று வாரமாகப் பொருந்தாத கணக்கு
இன்றைக்குப் பார்த்துப் பொருந்தியிருந்தது.
எனக்கு வயிற்றில் ஏதோ செய்தது.

கஸ்பெர் குழாயைத் துடைத்துக்கொண்டிருந்தான்.
கடைசி வில்லையை யார் கொடுத்தது என்றேன்.
ஓர் அம்மா.
இரண்டு வில்லை, இரண்டு கோப்பை.
ஒன்றைக் குடித்தாள், வேகமாக, மருந்து மாதிரி.
மற்றதைக் குடிக்கவில்லை.
நுரை அடங்கும்வரை
பார்த்துக்கொண்டே உட்கார்ந்திருந்தாள்.
பிறகு அந்தக் கோட்டை எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

அந்தக் கோப்பை?

கஸ்பெர் துணியைப் பிழிந்தான்.
வீணாகப் போகிறதே என்று நான்தான் குடித்தேன்.
சூடாகிவிட்டிருந்தது.